நான் கழுவிய நூற்று நாற்பது தாள்கள்

மகனே,

சேவியர் அந்தத் தாள்களைக் கழுவப் போடவில்லை. நான்தான் போட்டேன், நான்தான் கழுவினேன். கைத்தவறுதலும் இல்லை, கண் மங்கலும் இல்லை. தெரிந்தே செய்தேன். இதை முதல் வரியிலேயே எழுதிவிட வேண்டும் என்றுதான் மூன்று நாளாக உட்காருகிறேன். முதல் கடிதத்தில் பம்பாய் மழை எப்படி என்று கேட்டேன். இரண்டாவதில் ரேஷன் அரிசியில் பாதி கல் என்று ஒரு பக்கம் புலம்பினேன். இரண்டையும் கிழித்து அடுப்பில் போட்டாயிற்று. 'சுற்றி வளைக்காமல் கேட்டதற்குப் பதில் எழுது' என்று இருபது வருஷம் பிள்ளைகளின் விரல்மேல் அளவுகோலால் தட்டியவள் நான். என் விரல்மேல் தட்டத்தான் ஆளில்லை.

படித்ததும் இதை மடித்துப் பெட்டிக்குள் வைத்துவிடாதே. நீ ஊருக்குத் திரும்பிய பிறகு வரும் முதல் சனிக்கிழமை, அடையாற்று ஷெட்டில் கூடுகிறார்களே, அவர்கள் எல்லாருக்கும் சத்தமாக வாசித்துக் காட்டு. நானும் அங்கேதான் உட்கார்ந்திருப்பேன். வெட்கமாகத்தான் இருக்கும், இருந்துவிட்டுப் போகட்டும். பொய்யை அத்தனை பேர் முன்னால் சொல்லிவிட்டு, உண்மையை மட்டும் உன் காதோடு சொன்னால் நன்றாகவா இருக்கும்?

ஏன் இப்போது என்று கேட்பாய். போன ஞாயிறு பெரிய பூசையில் உன் கல்யாண ஓலையை முதல் தடவை வாசித்தார்கள், மூன்று ஞாயிறு வாசிப்பார்கள். இன்னார் மகனுக்கும் இன்னார் மகளுக்கும் மெய்விவாகம் நிச்சயமாகியிருக்கிறது, இதற்குத் தடை ஏதும் அறிந்தவர்கள் வந்து சொல்லவேண்டும் என்று பங்குச் சாமியார் வழக்கம்போல ஒரே மூச்சில் படித்தார். அது கல்யாணத் தடையைப் பற்றியது, எனக்குத் தெரியாதா? ஆனாலும் என்னைக் கேட்டதுபோலவே இருந்தது. ஆண்கள் பக்கம் மூன்றாவது பெஞ்சைப் பார்த்தேன். உனக்கு மாப்பிள்ளைத் தோழனாக நிற்க வேண்டிய சேவியர், பத்து வருஷமாக அந்த இடத்தில் முழந்தாளிட்டவன், அங்கே இல்லை. யார் கண்ணிலும் படாமல் விடியற்காலைப் பூசைக்கு வந்துவிட்டுப் போகிறானாம். பூசை முடிந்ததும் பாவசங்கீர்த்தனம் செய்யப் போனேன். எல்லாவற்றையும் சொன்னேன். சாமியார், "தாள் உன் மகனோடது, பழி சேவியர் மேல. நீ என்கிட்ட வந்து சொன்னா எப்படிம்மா முடியும்?" என்றார். பாவப்பொறுத்தல் கேட்டு வந்தவளுக்கு இந்தப் புத்திமதி எதற்கு என்று முணுமுணுத்துக்கொண்டேதான் வெளியே வந்தேன். வீட்டுக்கு வந்து சோற்றை வடிக்கும்போது அவர் சொன்னது சரி என்று பட்டது.

கேட்கிறவர்களில் நம் வேலை தெரியாதவர்கள் இருப்பார்கள், அவர்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன், நீ பொறுத்துக்கொள். சித்திரப் படத்தில் ஒரு பெண் கையைத் தூக்க வேண்டுமென்றால், கை நகரும் இடம் ஒவ்வொன்றுக்கும் ஒரு படம் வேண்டும். நீ முதலில் காகிதத்தில் பென்சிலால் போடுகிறாய். அதன்மேல் கண்ணாடிபோல உள்ளே தெரியும் செல்லுலாய்ட் தாளை வைத்து, மையால் கோடு இழுத்து, பின்பக்கம் வர்ணம் பூசுவது என் வேலை. பள்ளிக்கூடம் விட்டதும் நான் அங்கேதான் வருவேன். பிறகு சேவியர் ஒவ்வொரு தாளாக விளக்கு வெளிச்சத்தில் வைத்து, மேலே மாட்டியிருக்கும் காமிராவில் ஒவ்வொன்றாகப் படம் எடுப்பான். எடுத்து முடித்த தாளை யாரும் பத்திரப்படுத்துவதில்லை. யுத்தம் முடிந்து இத்தனை நாளாகியும் அந்தத் தாள் குதிரைக்கொம்பாக இருக்கிறது. அதனால் கிணற்றடித் தொட்டியில் போட்டு, வெதுவெதுப்பான தண்ணீரில் பழைய பனியன் துணியால் தேய்த்து, காயவைத்து, மறுபடி அதிலேயே வரைவோம். நீ மூன்று வாரம் முதுகு ஒடிய வரைந்தது என் கையில் அரைமணியில் சாயத் தண்ணீராகி வாழைக்குப் பாயும். படம் எடுத்துவிட்ட கட்டுக்குச் சிவப்பு நூல், இன்னும் எடுக்காத கட்டுக்கு வெள்ளை நூல். நூல் கட்டுவது சேவியர் ஒருவன்தான். சிவப்பைப் பார்த்தால்தான் நான் தொட்டியில் போடலாம். நம் மூன்று பேருக்கும் இருந்த சட்டம் அவ்வளவுதான்.

ரங்கூனில் குண்டு விழுந்தபின் மலையையும் காட்டையும் கால்நடையாகத் தாண்டி வந்து பட்டணத்தில் தங்கிவிட்டவர்களை நீ தேடித் தேடிப் பிடித்தாய். தியாகராய நகர் ஜவுளிக்கடைக்காரர் தன் அடையாற்றுப் பங்களாவின் பழைய குதிரை லாயத்தை ஷெட்டாக விட்டுக்கொடுத்தார். அவருடைய தம்பி குடும்பம் அந்தப் பாதையில்தான் அழிந்து போயிற்று. சனிக்கிழமைதோறும் பத்துப் பேர், பன்னிரண்டு பேர் வருவார்கள். ஒருவர் ஒன்றே ஒன்றுதான் சொல்ல வேண்டும். நீ அதை வரைவாய், வரைந்ததை அவரிடமே காட்டி "இப்படியா?" என்று கேட்பாய். தையல் மெஷினை மலையடிவாரத்தில் போட்டுவிட்டு வந்தவர், அது மழையில் நனையுமே என்று தன் குடையை அதன்மேல் விரித்து வைத்துவிட்டுத் தான் நனைந்துகொண்டு நடந்ததைச் சொன்னார். நீ அந்தக் குடையை வரைந்தாய். அதைப் பார்த்து அவர் சிரித்தார், அவர் சம்சாரம் அழுதாள். செத்தவர்களின் பேர் எந்தப் பட்டியலிலும் இல்லை, அதனால் இருக்கிறவர்களுக்கு ஞாபகம் இருக்கிறவரை அதைப் படத்தில் ஏற்றிவிட வேண்டும் என்று நீ சொல்வாய். இந்த யோசனை உனக்கு எங்கிருந்து வந்ததோ, எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. வாய்விட்டுச் சொன்னதில்லை. இப்போது சொல்கிறேன்.

முனுசாமி வந்த நாள் உனக்கு ஞாபகம் இருக்கும். ரங்கூன் துறைமுகத்தில் மூட்டை தூக்கினவர், இப்போது பட்டினப்பாக்கத்தில் மீன் கூடை சுமக்கிறார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. "இன்னா சார் சொல்றது. தம்பிக்குக் கால் வீங்கிப் பூடுச்சு, நடக்க முடில. அண்ணா அண்ணான்னு கூப்ட்டுகினே இருந்தான். நான் காதைப் பொத்திகினு வந்துட்டேன். நான் கீறேன், அவன் இல்ல. அவ்ளோதான்" என்றார். நீ ஆறுதல் ஒன்றும் சொல்லாமல் பென்சிலை எடுத்தாய், அது நல்ல காரியம். அடுத்த வாரம் அவருக்குக் காட்டினாய், இரண்டு காதையும் பொத்திக்கொண்டு மலையேறும் ஒரு மனிதன். அவர் வெகுநேரம் அதையே பார்த்தார். "ஆமா சார், இது நான்தான்" என்று சொல்லி, அன்றைக்குத்தான் முதல் தடவையாக உட்கார்ந்தார்.

என் முறை வந்தபோது நான் என்ன சொன்னேன்? ஏழு வருஷத்துக்கு முன்னால் சென்ட்ரல் ஸ்டேஷனில் உன்னிடம் சொன்னதையே சொன்னேன். உன் அப்பா ரங்கூன் துறைமுகத்தில் குண்டு விழுந்த அன்று கப்பல் கம்பெனி ஆபீசிலேயே போய்விட்டார், அதில் பொய் ஒன்றும் இல்லை. உன்னைப் பன்னிரண்டு வயதிலேயே படிக்கச் சாந்தோமுக்கு அனுப்பியிருந்தோம். ஆகவே நானும் ஏழு வயது செசிலியும் மட்டும்தான் நடந்தோம். நான் பட்டணத்தில் வந்து இறங்கிய வாரம் ஜப்பான்காரன் இங்கேயும் குண்டு போடப்போகிறான் என்று பட்டணமே மூட்டை கட்டிக்கொண்டிருந்தது. ஸ்டேஷனில் எல்லாரும் ஏறிக்கொண்டிருக்க, நான் ஒருத்தி இறங்கினேன். பதினாறு வயதுப் பையனாக நின்றாய். மீசை அரும்பியிருந்தது. என் பின்னால் பார்த்துவிட்டு, "தங்கச்சி எங்கம்மா?" என்றாய். என் வாயில் வந்தது இதுதான்: காய்ச்சல் கண்டது, ஒரு மரத்தடியில் என் மடியில் படுத்திருந்தாள், அண்ணாவைப் பார்க்கணும் என்றாள், கையைத் தூக்கி என் கன்னத்தைத் தொட்டாள், போய்விட்டாள், ஜெபம் சொல்லிப் புதைத்தேன். எப்படித்தான் அவ்வளவு கோவையாக வந்ததோ. கோவிலில் இறந்த கர்த்தர் மாதாவின் மடியில் கிடக்கும் சுரூபத்தைச் சின்ன வயதிலிருந்து பார்த்துப் பார்த்து, எனக்கு வேறுவிதமாகச் சாவைச் சொல்லத் தெரியவில்லை போலும்.

அதை நீ வரைந்தாய். அவளை நீ கடைசியாகப் பார்த்தபோது அவளுக்கு மூன்று வயது, போட்டோவும் இல்லை. என்னைக் கேட்டுக் கேட்டுத்தான் முகம் போட்டாய். மூக்கு இன்னும் கொஞ்சம் சப்பை, காது இவ்வளவு பெரிசு இல்லை என்று நான் திருத்தினேன். பென்சில் படங்களை மட்டும் முதலில் எடுத்து, ஷெட்டுச் சுவரில் வெள்ளைப் போர்வையைக் கட்டிப் போட்டுக் காட்டினாயே, அந்தச் சனிக்கிழமையைத்தான் சொல்கிறேன். செசிலி என் மடியில் கிடந்தாள். அவள் கை மெதுவாக எழும்பி என் கன்னத்துக்கு வந்தது. நடக்காத காரியம் என் கண்ணெதிரே நடந்தது. எல்லாரும் விசும்பினார்கள். நான் அழவில்லை. வெளியே போய்க் கிணற்றடியில் நின்றேன். முனுசாமி பின்னாலேயே வந்தார். ஆறுதல் சொல்வதாக நினைத்துக்கொண்டு, "உங்களுக்காச்சும் கொயந்த மடிலயே போச்சு டீச்சரம்மா. நீங்க புண்ணியவதி. என்ன மாதிரி பாவி எவன் கீறான்?" என்றார். தண்ணீர் இறைக்கிற சாக்கில் திரும்பிக்கொண்டேன். அந்த மனுஷன் இன்றுவரை, அத்தனை பேரில் தான் ஒருவன்தான் விட்டுவிட்டு வந்தவன் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்.

அப்போதே உன்னைக் கூப்பிட்டுச் சொல்லியிருக்க வேண்டும். நானோ அந்த நூற்று நாற்பது படங்களுக்கும் மை போட்டு, வர்ணம் பூசி முடித்தேன். செசிலியின் விரல்களுக்கு நானே வர்ணம் பூசினேன். என்ன பெண்பிள்ளை நான் என்று நீ கேட்கலாம், எனக்கும் தெரியவில்லை. கட்டு முடிந்து, வெள்ளை நூலோடு அலமாரியில் இருந்தது. மறுநாள் சேவியர் படம் எடுக்க வேண்டும். அன்று எனக்குப் பள்ளிக்கூடம் விடுமுறை, பிற்பகல் நீ ஸ்டுடியோவில் டைட்டில் எழுதப் போயிருந்தாய், சேவியர் சாப்பிடப் போயிருந்தான். நான் வெள்ளை நூலை அவிழ்த்து முந்தானையில் முடிந்துகொண்டு, சிவப்பு நூலைக் கட்டினேன். கட்டிய பிறகு கட்டளைக்குக் கீழ்ப்படிந்தவளைப்போல அதைத் தூக்கிக்கொண்டு போய்த் தொட்டியில் போட்டேன். நான் ஒருத்திதான் இருந்தேன், யாருக்காக அந்த நாடகம் என்று இப்போது சிரிப்பாக வருகிறது. முதலில் செசிலியின் கையைத்தான் தேய்த்தேன்.

நீ வந்தாய், காலி அலமாரியைப் பார்த்தாய். உன் அப்பாவைப்போல உனக்கும் மூக்குக்கு மேல் கோபம். "சிவப்பு நூல் யாருடா கட்டினது?" என்று கத்தினாய். சேவியர் தொட்டி விளிம்பில் கிடந்த நூலை எடுத்துப் பார்த்தான். என்னைப் பார்த்தான். "நான்தானே கட்டுவேன்" என்றான். அவன் சொன்னது பொய்யும் இல்லை, கவனித்தாயா? "வெளிய போ. இனிமே இந்த ஷெட்டுப் பக்கம் உன் தலை தெரியக்கூடாது" என்றாய். பள்ளிக்கூட ஹாஸ்டலில் பக்கத்துப் பாயில் படுத்து வளர்ந்தவனை ஒரு வார்த்தையில் வெட்டிவிட்டாய். நான் கையில் ஈரத்தாளோடு நின்றேன், வாயைத் திறக்கவில்லை. இரண்டு நாளில் நீ பென்சில் படங்களைத் தூசி தட்டி எடுத்து வைத்தாய். தாள் வாங்கப் பம்பாய் போகிறேன், வந்து அந்தக் காட்சியை முதலிலிருந்து செய்வோம், நீதான் மறுபடி மை போடணும் அம்மா என்றாய். நான் கழுவியதில் அந்தக் காட்சி ஒழியவில்லை, சேவியர்தான் ஒழிந்தான்.

வாயை மூடிக்கொண்டு தப்பிப்பது எனக்குப் புதிதல்ல. ரங்கூனில் உனக்கு ஒன்பது வயதிருக்கும். என் வகுப்பு வருகைப் பதிவேட்டின் ஓரத்தில், ஒவ்வொரு பக்கத்திலும் ஒரு நாய் வரைந்து வைத்திருந்தாய். மறுநாள் இன்ஸ்பெக்டர் வருகிறார். அளவுகோல் உடையும்வரை அடித்தேன் உன்னை. மறுநாள் இன்ஸ்பெக்டர் பக்கங்களை விரலால் விர்ரென்று விட்டபோது அந்த நாய் நாலு கால் பாய்ச்சலில் ஓடிற்று. அவர் வயிறு குலுங்கச் சிரித்துவிட்டு, "யார் போட்டது? கெட்டிக்காரன்" என்றார். "யாரோ தெரியலைங்க" என்றேன். ஒரு பதிவேட்டுக்காகப் பெற்ற பிள்ளையைத் தெரியாது என்றேன். வீட்டுக்கு வந்தும் அவர் பாராட்டியதை உன்னிடம் சொல்லவில்லை, அடித்தது தப்பாகிவிடுமே. நீ குடும்பம் நடத்தப்போகிறவன், அதனால் சொல்கிறேன். உன் கோபத்தை நான் குறை சொல்லவில்லை, அது மழைபோல வந்து போய்விடும். ஆனால் தப்பு உன் பக்கம் என்று தெரிந்த பிறகும் பேசாமல் இருக்கிற என் குணமும் உன்னிடம் கொஞ்சம் இருக்கிறது. வரப்போகிற பெண் வாய்த்துடுக்கு என்று சொல்கிறார்கள், நல்லதாகப் போயிற்று. அவள் கேட்டால் பதில் சொல்லிப் பழகு.

இனி செசிலி. அவளுக்கு வந்தது வெறும் காய்ச்சல் அல்ல, வாந்திபேதி. மலை இறங்கி, படகு கிடைக்கும் இடத்துக்கு அரை நாள் நடை இருக்கும்போது கண்டது. அதற்கு முன்னால் மூன்று நாள் அவளைத் தூக்கிக்கொண்டு வந்தவள் நான், அதையும் சொல்லிக்கொள்கிறேன், அது பொய்யில்லை. வழியில் ஒரு மூங்கில் கொட்டகை. நடக்க முடியாதவர்களை எல்லாம் அங்கே கிடத்தியிருந்தார்கள். வாந்திபேதிக்காரர்களைப் படகில் ஏற்றமாட்டார்கள், அடுத்த படகு எப்போது என்று யாருக்கும் தெரியாது என்று பேசிக்கொண்டார்கள். ஒரு பாயில் இடம் பிடித்து அவளைப் படுக்க வைத்தேன். தகரக் குவளையில் இருந்த தண்ணீரைப் பக்கத்தில் வைத்தேன். "நீ எங்க போற?" என்றாள். "படகு எப்பன்னு கேட்டுட்டு வர்றேன்" என்றேன். "எப்ப வருவ?" என்றாள். என் கழுத்தில் இருந்த ஜெபமாலையைக் கழற்றி அவள் கையில் கொடுத்து, "ஐம்பத்துமூணு மணியும் சொல்லி முடி, அதுக்குள்ள வந்துடுவேன்" என்றேன். அவளுக்கு எப்போதும் நடுவில் எண்ணிக்கை தப்பிவிடும், முதலிலிருந்து ஆரம்பிப்பாள். அது எனக்குத் தெரியும். உதடு அசைய ஆரம்பித்தது. நான் எழுந்து நடந்தேன்.

துறைக்குப் போன பிறகு, கூட்டம் நெருக்கித் தள்ளியதில், படகு கிளம்பப் போகிறது என்றதில், அந்த நிமிஷத்தில்தான் புத்தி கெட்டுப்போயிற்று என்று எழுத ஆசையாக இருக்கிறது. அப்படி இல்லை. கொட்டகையில் எழுந்தபோதே, திரும்பி வரமாட்டேன் என்று எனக்குத் தெரியும். உனக்கு ஒரு தாய் மிஞ்ச வேண்டும் என்று நினைத்து வந்தேன் என்றும் சொல்லமாட்டேன். சொன்னால் நீ அழுவாய், என்னைக் கட்டிக்கொள்வாய், பழி முழுக்க உன் தலையில் வந்து விழும். அந்த நேரம் நான் உன்னை நினைக்கவே இல்லை. எங்கேயாவது உட்கார வேண்டும் என்று நினைத்தேன். தாகத்தை நினைத்தேன். படகில் உட்கார இடம் கிடைத்ததும் எனக்கு ஆறுதலாக இருந்தது, அதைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை.

பங்குனியில் ஒரு சனிக்கிழமை அவளுக்காக வருஷா வருஷம் பூசை வைக்கிறோமே, அந்த நாளும் நான் கற்பித்ததுதான். இறந்த நாள் எது என்று சாமியார் எழுதிக்கொள்ளக் கேட்டார். தெரியாது என்று சொன்னால் அடுத்த கேள்வி வருமே என்று வாய்க்கு வந்த நாளைச் சொன்னேன். ஏழு வருஷமாக நீ வேலையை விட்டுவிட்டு வந்து என் பக்கத்தில் மெழுகுதிரி பிடித்து நிற்கிறாய். கொட்டகையை விட்டு வந்த நாளிலிருந்து ஜெபமாலையை ஒரு தடவையாவது என்னால் முழுக்கச் சொல்ல முடிந்ததில்லை. கோவிலில் வாயை மட்டும் அசைப்பேன்.

நேற்று மாலை சேவியர் வீட்டுக்குப் போனேன். கோவிலுக்குப் பின்னால் உள்ள சந்தில், வாசலில் உட்கார்ந்து யாருடைய காமிராவையோ பிரித்து வைத்துத் துடைத்துக்கொண்டிருந்தான். எழுந்து, "உள்ள வாங்க டீச்சர்" என்றான். நின்றபடியே சொன்னேன்.

"தெரியும் டீச்சர்" என்றான்.

"எப்படிடா தெரியும்?"

"நான் போடறது சுருக்கு, இழுத்தா வந்துடும். அன்னிக்கு இருந்தது பரிட்சைப் பேப்பர் கட்டற முடிச்சு. கத்தி வெச்சாதான் வரும்."

"அப்ப ஏண்டா வாயை மூடிக்கிட்டு வெளிய போன?"

"நீங்க சொல்லுவீங்கன்னு பாத்தேன்" என்றான். கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். "மூணு வாரம் பாத்தேன்" என்று மறுபடி சொல்லிவிட்டுக் குனிந்துகொண்டான். நான் அந்தச் சந்திலேயே, போகிறவர் வருகிறவர் பார்க்க, ஓவென்று அழுதேன். அவன் அம்மா ஓடி வந்து மோர் கொடுத்தாள், என்ன ஏது என்று கேட்கவில்லை. பிறகு செசிலியைப் பற்றி அவனிடம் சொன்னேன். சாமியாருக்கு அடுத்தபடி அவன்தான் கேட்டான், நீ மூன்றாவது, அதற்கும் என்னை மன்னித்துக்கொள். எல்லாம் கேட்டுவிட்டு அவன், "அப்ப அந்தக் கை தூக்கறது வராது. கொட்டகை ஒண்ணு வரையணும்" என்றான். தொழில் தெரிந்தவன் பேச்சு. அந்த ஒரு பேச்சில்தான் எனக்கு மூச்சு வந்தது. திரும்ப வாடா என்று கூப்பிட்டேன். வரமாட்டானாம். "அவன் வந்து கூப்டட்டும் டீச்சர். நீங்க கூப்ட்டு வந்தா அது வேற" என்றான். நியாயம்தான். பம்பாயிலிருந்து இறங்கியதும் நம் வீட்டுக்கு வராதே. நேரே அவன் வீட்டுக்குப் போ. மூன்றாவது ஓலை வாசிப்பதற்குள் அவன் தன் பெஞ்சில் இருக்க வேண்டும். எனக்காக ஒன்றும் செய்ய வேண்டாம், இதை மட்டும் செய்.

பெண்வீட்டாருக்கு இது தெரிந்தால் என்ன ஆகும் என்று யோசிப்பாய். அந்தப் பெண்ணிடம் நீயே முதலில் சொல். பிள்ளையை விட்டுவிட்டு வந்தவள் வீட்டில் வாழமாட்டேன் என்று அவள் சொன்னால், நான் ஸ்கூல் பக்கத்தில் தனியாக ஒரு அறை பார்த்துக்கொள்கிறேன். அதற்காக இந்தக் கடிதத்தை மறைக்காதே. முனுசாமி கேட்கும்படி வாசி. மற்றவர்களை நான் பார்த்துக்கொள்கிறேன், அவர் முகத்தைத்தான் நான் பார்க்க வேண்டும்.

படத்துக்கு வருகிறேன். பென்சில் படங்களில் அந்த நூற்று நாற்பதையும் தூரப் போடு. கொட்டகையை வரை, மூங்கில் எப்படிக் கட்டியிருந்தது என்று நான் சொல்கிறேன். பாயில் செசிலியை வரை. கண் திறந்திருக்கட்டும், உதடு அசையட்டும். அவளைச் சாகவிடாதே. எப்போது போனாள், தண்ணீர் குடித்தாளா, யாராவது பக்கத்தில் வந்து கையைப் பிடித்தார்களா, எனக்குத் தெரியாது. எனக்குத் தெரியாததை நீ வரையாதே, தெரிந்ததுபோல நான் சொன்னதால்தான் இவ்வளவும். பிறகு என்னை வரை. முகம் வேண்டாம், முதுகு போதும். கொட்டகையிலிருந்து பாதை கொஞ்சம் சரிவு, கடைசியில் துறை. நடந்து போகிறேன். மை நானே போடுகிறேன், வர்ணமும் நானே பூசுகிறேன். நீ இளகின மனசுக்காரன், பாதி வழியில் என் தலையைக் கொஞ்சம் திருப்பிவிடப் பார்ப்பாய். திருப்பாதே. நான் திரும்பிப் பார்க்கவில்லை.

அம்மா